அலையாத்திக் காடும் அடிச்சேறும்: இராமநாதபுரம் கடற்கரையில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நான் அலையாத்திக் காடுகளில் சேற்றையும் மரத்தையும் அளக்கிற ஆய்வாளர். தொண்டிப் பக்கமிருந்து வாலிநோக்கம் வரை, உப்பங்கழிகளிலும் தீவுகளிலும் என் வேலை. படகில் வரும்போதும், டீக்கடையில் நிற்கும்போதும், பள்ளிக்கூடங்களுக்குப் போகும்போதும் திரும்பத் திரும்ப என்னிடம் கேட்கப்பட்ட கேள்விகளை இங்கே எழுதியிருக்கிறேன். சில கேள்விகளுக்கு இரண்டு வரியே போதும். சிலவற்றுக்கு நீளமாகப் பேசியாக வேண்டும்.

அலையாத்தி, கண்டல், சுரபுன்னை எல்லாம் ஒன்றுதானா?

காட்டைச் சொல்லும்போது மூன்றையும் ஒரே பொருளில்தான் சொல்கிறோம். அலையை ஆற்றுவதால் அலையாற்றி, அது பேச்சில் அலையாத்தி ஆனது. கண்டல் பழைய சொல். சங்கப் பாட்டுகளிலேயே நெய்தல் ஊர்களுக்குக் 'கண்டல் வேலி' இருந்தது. அந்தக் காலத்தில் எந்தக் கருவியும் இல்லாமல் இதை வேலி என்று கண்டுகொண்டார்களே என்று எனக்கு இன்றைக்கும் வியப்புதான்.

மரமாகப் பிரித்தால் பெயர்கள் வேறு. நம் கரையில் அதிகம் நிற்பது வெண்கண்டல். சேற்றிலிருந்து பென்சில் நட்டதுபோல மேலே நீட்டிக்கொண்டிருப்பது அதன் மூச்சு வேர். அதன் இலையை நாக்கில் வைத்தால் கரிக்கும், ஏனென்றால் உறிஞ்சிய உப்பை இலை வழியே கக்கிவிடுகிறது. சுரபுன்னைக்கு வேறு வழி. தண்டிலிருந்து முட்டுக்கொடுத்ததுபோல வேர்களை இறக்கி, உப்பின் பெரும்பகுதியை வேரிலேயே தடுத்துவிடும். இவற்றின் ஓரத்தில் தில்லை மரமும், உப்புநிலத்தில் வளரும் உமரிச் செடியும் உண்டு.

நம் மாவட்டத்தில் எங்கே பார்க்கலாம்?

எல்லோருக்கும் தெரிந்தது காரங்காடு. கோட்டக்கரை ஆறு பாக் விரிகுடாவில் சேரும் இடம் அது. வனத்துறையும் ஊர் மக்களும் சேர்ந்து படகு விடுகிறார்கள். மன்னார் வளைகுடாவில் மனோலி, குருசடை போன்ற தீவுகளில் காடு இருக்கிறது. இராமேசுவரத்துக்கும் தூத்துக்குடிக்கும் நடுவே உள்ள 21 தீவுகளும் 1986-ல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டவை, அதனால் அனுமதி இல்லாமல் இறங்கக்கூடாது. இவை தவிரச் சின்னச் சின்னக் கழிகளில் பத்து மரம், இருபது மரமாக நிற்கும் திட்டுகள் உண்டு. அவற்றுக்குப் பெயர்ப்பலகை எதுவும் கிடையாது. என் கவலையெல்லாம் இந்தத் திட்டுகளைப் பற்றித்தான்.

பிச்சாவரம் அளவுக்கு இங்கே ஏன் அடர்த்தி இல்லை?

நன்னீர்க் குறைவு. அலையாத்தி உப்பைத் தாங்கும், ஆனால் ஆற்றுத் தண்ணீரும் வண்டலும் கிடைத்தால்தான் செழிக்கும். நம் வைகையின் கதை தெரியும்: இராமநாதபுரம் பெரிய கண்மாயில் வந்து அடங்கும், மிச்சம் இருந்தால்தான் அழகன்குளத்தை ஒட்டிய ஆற்றங்கரையில் கடலைத் தொடும். பல வருடம் தொடுவதே இல்லை. மழையும் வாடைக்காற்றுக் காலத்து இரண்டு மூன்று மாதத்தோடு முடிந்துவிடும். அதற்கப்புறம் ஒன்பது மாதம் வெயிலும் உப்பும்தான். அப்படியும் இங்கே ஆள் உயரத்துக்கு நிற்கிற வெண்கண்டலை நான் குட்டை மரமாக நினைப்பதில்லை. அது தாங்கியிருக்கிற உப்பைக் கணக்கில் எடுத்துப் பாருங்கள்.

இந்தக் காடு பருவநிலை மாற்றத்துக்கு எப்படி மருந்தாகும்?

எல்லா மரமும் காற்றிலிருக்கும் கரியமில வாயுவை எடுத்து இலையாக, கட்டையாக, வேராக மாற்றுகிறது. வயல்காட்டு வேம்பு உதிர்த்த இலை சில மாதத்தில் மக்கி, அதிலிருந்த கார்பன் திரும்பக் காற்றுக்கே போய்விடும். அலையாத்தியின் இலையும் வேரும் மக்குவதற்குள் சேற்றில் புதைந்துவிடுகின்றன. அந்தச் சேற்றில் இரண்டு விரல் ஆழத்துக்குக் கீழே ஆக்சிஜன் கிடையாது. ஆக்சிஜன் இல்லாத இடத்தில் மக்குவது ஆமை வேகம்தான். கடல்நீர் ஏறி வரும் ஒவ்வொரு ஏற்றமும் மேலே கொஞ்சம் வண்டலைப் போட்டு மூடிவிட்டுப் போகிறது. இப்படி ஆயிரக்கணக்கான வருடம் கார்பன் அடுக்கடுக்காகச் சேர்கிறது.

2011-ல் இந்திய, பசிபிக் பெருங்கடல் பகுதிகளில் 25 இடங்களில் அளந்து ஒரு ஆய்வு வெளியானது. சராசரியாக ஒரு ஹெக்டேருக்கு 1,023 டன் கார்பன் இருந்தது. அதில் பாதியிலிருந்து 98 சதவீதம் வரை மண்ணுக்குள். நம் கரை வறண்டது, மரம் சிறிது, சேற்றின் ஆழமும் குறைவு. அந்த அளவை இங்கே எதிர்பார்க்கக்கூடாது. ஆனால் பெரும் பங்கு மண்ணுக்கடியில் என்ற உண்மை இங்கேயும் மாறாது. கடலோரத்தில் இப்படிப் புதைந்து கிடப்பதை 2009-லிருந்து 'நீலக் கார்பன்' என்கிறார்கள்.

ஆகவே காட்டைக் காப்பது என்றால் முதலில் சேற்றைக் கிளறாமல் விடுவது என்றுதான் நான் சொல்வேன். மரத்தை வெட்டினால் முதலில் போவது மரத்திலிருப்பது. பொக்லைன் வைத்துச் சேற்றைத் தோண்டிக் கரை போட்டால், நூற்றாண்டுகளாக மூடிக் கிடந்தது காற்றுப் பட்டு மக்கத் தொடங்கும்.

சேறு ஏன் இப்படி நாறுகிறது? சாக்கடை கலந்திருக்கிறதா?

அழுகின முட்டை வாடைதானே? சாக்கடை கலந்த இடங்களும் உண்டு, ஆனால் இந்த வாடை சுத்தமான கழியிலும் வரும். ஆக்சிஜன் இல்லாத சேற்றில் வாழும் நுண்ணுயிர்கள் கடல்நீரிலுள்ள சல்பேட்டைக் கொண்டு மூச்சுவிடுகின்றன. அதனால் ஹைட்ரஜன் சல்பைடு வருகிறது. அந்த வாடை வந்தால் கீழே காற்றுப் புகவில்லை என்று புரிந்துகொள்வேன். இன்னொரு நன்மை: சல்பேட் நிறைய இருக்கும் இடத்தில் மீத்தேன் உண்டாக்கும் உயிர்கள் தலையெடுப்பது கடினம். மீத்தேன் கரியமில வாயுவைவிடப் பல மடங்கு சூடாக்குவது, ஆகவே இது சின்ன விஷயம் இல்லை.

சேற்றுக்குள் இருக்கும் கார்பனை எப்படி அளக்கிறீர்கள்?

அரைவட்டமாக வெட்டிய எஃகுக் குழாய் ஒன்று இருக்கிறது, ஒரு மீட்டர் நீளம். கடல்நீர் இறங்கும் வத்தம் பார்த்துக் காட்டுக்குள் போய், அதைச் சேற்றில் இறக்கி, ஒரு சுற்றுச் சுற்றி வெளியே எடுத்தால், மேலிருந்து கீழ் வரை அடுக்கு கலையாமல் வரும். அதைத் துண்டு துண்டாக வெட்டிப் பையில் கட்டி, ஆய்வுக்கூடத்துக்குக் கொண்டுபோய் 60 டிகிரியில் எடை மாறாத வரை காயவைத்து, இடித்துச் சலிக்கிறோம். நம் கரையில் ஒரு வேலை கூடுதல். சேற்றில் சிப்பித் தூளும் பவளத் தூளும் கலந்திருக்கும். அதிலும் கார்பன் உண்டு, ஆனால் அது சுண்ணாம்பின் கார்பன். இலையும் வேரும் சேர்த்தது அல்ல. அமிலம் விட்டு அதை நீக்கிவிட்டுத்தான் எண்ண வேண்டும். மறந்தால் கணக்கு ஏறிப்போய், இல்லாத கார்பனை இருப்பதாகச் சொல்லிவிடுவோம்.

கணக்கு எளிது. ஒரு கன சென்டிமீட்டர் காய்ந்த சேறு 1 கிராம், அதில் கார்பன் 1.5 சதவீதம், ஆழம் 1 மீட்டர் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு ஹெக்டேருக்கு 150 டன் வரும். இது புரிவதற்காகப் போட்ட கணக்கு. களத்தில் பத்தடிக்குப் பத்தடி மாறும்.

மரத்துக்கு நெஞ்சுயரத்தில் சுற்றளவு எடுப்பது வழக்கம். சுரபுன்னையில் நெஞ்சுயரத்தில் வேர்தான் இருக்கும் என்பதால், மேல் வேர் கிளம்பும் இடத்துக்கு 30 சென்டிமீட்டர் மேலே நாடா சுற்றுவோம்.

அப்படியென்றால் நிலக்கரி எரிக்கும் புகையை இந்தக் காடு சரிக்கட்டிவிடுமா?

சரிக்கட்டாது. இதை நேராகச் சொல்லிவிட வேண்டும், ஏனென்றால் நம் காட்டின் மேல் தாங்க முடியாத சுமையை ஏற்றிவைத்துவிட்டு, பிறகு காடு ஏமாற்றிவிட்டது என்று சொல்வார்கள்.

2021-ஆம் ஆண்டு வன அறிக்கைப்படி தமிழ்நாட்டில் அலையாத்திக் காடு 45 சதுர கிலோமீட்டர், அதாவது 4,500 ஹெக்டேர். உலக அளவில் அறிஞர்கள் சொல்லும் புதைவு வேகம் வருடத்துக்கு ஒரு ஹெக்டேரில் சுமார் 2.26 டன் கார்பன். அதையே நமக்கும் போட்டால் (நமக்கு இது தாராளமான கணக்கு) வருடம் 10,000 டன்னைக் கொஞ்சம் தாண்டும். கரியமில வாயுவாக மாற்ற 3.67 ஆல் பெருக்கினால் சுமார் 37,000 டன். 1,000 மெகாவாட் நிலக்கரி அனல்மின் நிலையம் முழு வேகத்தில் ஓடினால் இதை இரண்டு நாளுக்குள் வெளியே விட்டுவிடும்.

ஆனால் அதே 4,500 ஹெக்டேரின் அடியில் ஏற்கெனவே இருப்பதைப் பாருங்கள். மேலே போட்ட 150 டன் கணக்கையே வைத்தால் 6,75,000 டன் கார்பன். அறுபது வருடத்துக்கு மேல் சேர்த்தது. ஒரு ஹெக்டேரை ஒரு வாரத்தில் தோண்டிவிடலாம். அதைத் திரும்பச் சேர்க்க நம் பேரப்பிள்ளைகள் காலம் வரை ஆகும். புகையைக் குறைக்கும் வேலை தனியாக நடக்கட்டும். இந்தக் காட்டின் வேலை, வைத்திருப்பதை விடாமல் வைத்திருப்பது.

எங்கள் பள்ளியில் ஆயிரம் கன்று நடலாம் என்று இருக்கிறோம். எங்கே நடலாம்?

இந்தக் கேள்விக்கு மட்டும் ஒரு நாள் முழுக்கப் பேசுவேன். நடுவதற்கு முன்னால் ஒன்று கேளுங்கள்: அந்த இடத்தில் ஏன் இப்போது அலையாத்தி இல்லை? பக்கத்தில் தாய்மரம் இருந்தால் விதை தண்ணீரில் மிதந்து தானாக வரும். வெண்கண்டலின் விதை விழும்போதே முளைவிடத் தயாராக இருக்கும். சுரபுன்னையின் விதை மரத்திலேயே முளைத்து முருங்கைக்காய்போலத் தொங்கும். இப்படித் தன்னைத்தானே நட்டுக்கொள்ளும் செடி ஒரு இடத்தில் வரவில்லையென்றால், அங்கே ஏதோ தடுக்கிறது. தடையை எடுக்காமல் நட்டால் செத்துப்போகும்.

நானே அந்தத் தப்பைச் செய்திருக்கிறேன். வேலைக்குச் சேர்ந்த புதிதில், பாக் விரிகுடாவை ஒட்டிய சேற்றுவெளி ஒன்றில் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போய் வரிசையாக நட்டோம். இடம் காலியாகவும் சமமாகவும் இருந்தது, அதனாலேயே தேர்ந்தெடுத்தோம். நாள் முழுதும் தண்ணீருக்குள் நிற்கும் தாழ்வான இடம் அது என்று எனக்கு உறைக்கவில்லை. ஆறு மாதம் கழித்துப் போனபோது தண்டு முழுக்கக் கொட்டலசு (படகடியிலும் கல்லிலும் ஒட்டிக்கொள்ளும் ஓட்டுயிர்) அப்பிக்கொண்டிருந்தது. அந்தப் பாரத்தில் பாதி சாய்ந்து, மீதி அழுகி. கூட வந்த மீனவர் அண்ணன் ஒருவர், "இங்க எப்பவும் தண்ணி நிக்கும் தங்கச்சி, இது நண்டு வலை போடுற இடம், செடி வைக்கிற இடம் இல்ல" என்றார். நடுவதற்கு முன்பே அவரைக் கேட்டிருக்க வேண்டும். அன்றிலிருந்து ஊர்க்காரர்களைக் கேட்காமல் நான் ஒரு குச்சிகூட ஊன்றுவதில்லை.

எந்த இடம் சரி? அலையாத்தி நிற்பது கடலுக்கும் கரைக்கும் நடுவே உள்ள மெல்லிய பட்டையில். ஏற்றத்தில் நனைய வேண்டும், வத்தத்தில் வேர் காற்று வாங்க வேண்டும். நம் பக்கம் ஏற்றத்துக்கும் வத்தத்துக்கும் வித்தியாசமே ஒரு மீட்டருக்குள்தான். ஆகவே அந்தப் பட்டை ஒரு முழம் ஏறினாலும் தவறும், இறங்கினாலும் தவறும்.

இன்னொரு எச்சரிக்கை. பாக் விரிகுடாவில் ஆழம் குறைந்த இடங்களில் கடற்புல் இருக்கிறது. மேலே இருந்து பார்த்தால் காலிச் சேறுபோலத் தெரியும். அதில் அலையாத்தியை நடாதீர்கள். ஆவுளியா, அதாவது கடற்பசு, மேய்கிற புல்வெளி அது. அதுவும் அடியில் கார்பனைப் புதைத்து வைக்கிறது. ஒரு நல்லதை அழித்து இன்னொரு நல்லதை அங்கே ஏன் நட வேண்டும்?

அப்போ பட்டுப்போன காட்டை எப்படித்தான் மீட்பது?

தண்ணீரை ஓடவிட்டு. இதில் தமிழ்நாடு உலகத்துக்கே வழிகாட்டியது. பிச்சாவரத்திலும் முத்துப்பேட்டையிலும் ஒரு காலத்தில் காட்டைப் பட்டை பட்டையாக மொட்டையடித்தார்கள். வெட்டின இடத்துச் சேறு வெயிலில் காய்ந்து அமுங்கித் தொட்டிபோல் ஆனது. ஏற்றத்தில் உள்ளே வந்த தண்ணீர் வெளியே போக முடியாமல் தேங்கி, ஆவியாகி, உப்பு கடலைவிட இரண்டு மடங்கு ஏறிவிட்டது. கடல்நீரில் லிட்டருக்கு 35 கிராம் உப்பு. அதைத் தாங்கும் வெண்கண்டலே இந்தத் தொட்டியில் பிழைக்கவில்லை.

எம்.எஸ். சுவாமிநாதன் 1988-ல் தொடங்கிய ஆராய்ச்சி நிறுவனம் 1990-களில் இந்தக் காரணத்தைக் கண்டுபிடித்து, வனத்துறையோடும் ஊர்களோடும் சேர்ந்து வாய்க்கால் வெட்டியது. நடுவே ஒரு பெரிய வாய்க்கால், இரண்டு பக்கமும் சாய்வாகச் சின்ன வாய்க்கால்கள். மேலிருந்து பார்த்தால் மீன்முள்போல இருக்கும். ஏற்றத்துக்கு உள்ளே, வத்தத்துக்கு வெளியே என்று தண்ணீர் புழங்கத் தொடங்கியதும் உப்பு இறங்கியது, செடி பிடித்தது. சுவாமிநாதனைப் பலருக்கும் நெல், கோதுமையோடுதான் தெரியும். 1990-ல் உலக அலையாத்திச் சூழல் சங்கம் உருவாகக் காரணமானவர்களில் அவரும் ஒருவர், அதன் முதல் தலைவரும் அவர்தான். கடல் மட்டம் உயரும், உப்பு உள்ளே வரும் என்று அப்போதே அவர் பேசிக்கொண்டிருந்தார்.

வாய்க்கால் வெட்டினால் வேலை முடிந்தது என்று இல்லை. வண்டல் படிந்து தூர்ந்துபோகும், தூர்வார வேண்டும். எந்தத் திட்டத்திலும் நான் முதலில் பார்ப்பது தூர்வாரப் பணம் ஒதுக்கியிருக்கிறார்களா என்பதைத்தான்.

தனுஷ்கோடியில் அலையாத்தி இருந்திருந்தால் 1964 புயலில் ஊர் பிழைத்திருக்குமா?

என்னால் அப்படிச் சொல்ல முடியாது. தனுஷ்கோடி இரண்டு கடலும் நேராக அடிக்கும் மணல்திட்டு. அலையாத்திக்கு ஒதுக்கமான, வண்டல் படியும் சேறு வேண்டும்.

காடு இருக்கும் இடத்தில் பலன் உண்டு. சாதாரணக் காற்றலையை 100 மீட்டர் அகலக் காடு 13 முதல் 66 சதவீதம் வரை தணிக்கும் என்று பல நாட்டு அளவீடுகள் காட்டுகின்றன. புயலில் கடல் பொங்கி ஏறும் தண்ணீருக்கு ஒரு கிலோமீட்டர் அகலக் காடு 5 முதல் 50 சென்டிமீட்டர் வரைதான் குறைக்கும். 2004 சுனாமிக்குப் பிறகு கடலூர் மாவட்டத்தில் செய்த ஆய்வு, மரங்களுக்குப் பின்னால் இருந்த ஊர்களில் சேதம் குறைவு என்றது. அந்த ஊர்கள் மேட்டிலும் தள்ளியும் இருந்தன என்று மறுத்தவர்களும் உண்டு. 2018 கஜா புயலில் முத்துப்பேட்டைக் காடே பெரும் அடி வாங்கியது. ஆகவே காடு இருக்கிறதே என்று புயல் எச்சரிக்கை வந்த பிறகும் வீட்டில் தங்காதீர்கள்.

மீனுக்கும் இதற்கும் என்ன சம்பந்தம்?

இறால் குஞ்சும் மடவைக் குஞ்சும் கொடுவாவும் பெரிய மீனிடமிருந்து தப்பி ஒளிந்து வளர்வது இந்த வேர்களுக்கு நடுவில்தான். நண்டு பிடிக்கிறவர்களிடம் கேளுங்கள், என்னைவிட நன்றாகச் சொல்வார்கள்.

ஆடு மேய்க்கக்கூடாதா? விறகு பொறுக்கக்கூடாதா?

வளர்ந்த மரத்தில் ஆடு நாலு இலை கடித்தால் காடு அழிந்துவிடாது. முளைவிட்ட கன்றுகளை மேய்ந்தால்தான் அடுத்த தலைமுறை மரம் இல்லாமல் போகும். கோடையில் வேறு பசுமை இல்லாத ஊரில் ஆட்டுக்காரரைத் திட்டிப் பயன் இல்லை. கன்று பிடிக்கும் இரண்டு மூன்று வருடம் அந்தத் திட்டை மட்டும் விட்டுக்கொடுக்கச் சொல்லிக் கேட்டால் ஒத்துக்கொள்கிறார்கள். விறகுக்கு நம் மாவட்டத்தில் சீமைக்கருவேலம் கிடக்கிறதே!

சட்டம் என்ன சொல்கிறது?

கடலோர ஒழுங்குமுறை மண்டல விதிகளில் அலையாத்தி முதல் வகைப் பாதுகாப்பில் வருகிறது. 2019 அறிவிக்கையின்படி, 1,000 சதுர மீட்டருக்கு மேல் காடு இருந்தால் அதைச் சுற்றி 50 மீட்டர் இடைவெளியும் விட வேண்டும். இறால் பண்ணைகளால் கரையோர ஊர்கள் பட்ட பாட்டுக்காக காந்தியவாதி எஸ். ஜெகந்நாதன் தொடர்ந்த வழக்கில் 1996-ல் உச்ச நீதிமன்றம் தந்த தீர்ப்பை நம் ஊர்ப் பெரியவர்கள் இன்னும் நினைவில் வைத்திருக்கிறார்கள். 2023-ல் ஒன்றிய அரசு 'மிஷ்டி' என்ற திட்டத்தில் 540 சதுர கிலோமீட்டர் அலையாத்தியை மீட்கப்போவதாக அறிவித்தது. நல்ல செய்திதான். ஆனால் பரப்பளவைக் காட்ட வேண்டும் என்ற அவசரத்தில் கடற்புல்லின் மேல் கன்று ஊன்றிவிடக் கூடாது.

கடல் மட்டம் உயர்ந்தால் காடு மூழ்கிவிடாதா?

வண்டல் கிடைத்தால் காடும் மெல்ல மெல்லத் தரையை உயர்த்திக்கொண்டே வரும். அது போதாதபோது கரைப்பக்கம் நகரும். நகர இடம் வேண்டும். பின்னால் உப்பளக் கரையோ, பண்ணைக் கரையோ, சாலையோ நின்றால் முன்னால் கடல், பின்னால் சுவர் என்று நெரிபட்டுப்போகும். இன்றைக்குத் தரிசாகக் கிடக்கும் உமரி வெளியை வேண்டாத நிலம் என்று எழுதிக் கொடுத்துவிடாதீர்கள். நாளைக்குக் காடு போக வேண்டிய இடம் அதுதான்.

கார்பன் கிரெடிட் என்று ஒருவர் வந்து பேசினார். ஊருக்குப் பணம் வருமா?

வரலாம். காடு சேர்க்கும் கார்பனை அளந்து, டன் கணக்கில் சான்றாக்கி, புகைவிடுகிறவர்களுக்கு விற்பதுதான் கார்பன் கிரெடிட். கென்யாவில் காசி (Gazi) விரிகுடாவில் இரண்டு ஊர்கள் 117 ஹெக்டேர் காட்டைக் காத்து, சேரும் கார்பனை விற்று, அந்தப் பணத்தில் குடிநீரும் பள்ளிக்கூடத் தேவைகளும் செய்துகொண்டார்கள். அங்கே முடிவெடுத்தது ஊர்தான். உங்களிடம் வருகிறவரிடம் நான்கு கேள்வி கேளுங்கள்: எத்தனை வருட ஒப்பந்தம், அதுவரை நாங்கள் நண்டு பிடிக்கலாமா, ஒரு டன்னுக்கு எங்களுக்கு எவ்வளவு, புயலில் காடு போனால் நஷ்டம் யாருக்கு. தமிழில் எழுதித் தரச் சொல்லுங்கள். தரமாட்டேன் என்றால் கையெழுத்துப் போடாதீர்கள்.

என் மகள் இதைப் படிக்க ஆசைப்படுகிறாள். எங்கே சேர்க்கலாம்?

பரங்கிப்பேட்டையில் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் கடல் உயிரியல் மையம் இருக்கிறது. நம் தொண்டியிலேயே அழகப்பா பல்கலைக்கழகத்தின் கடலியல் துறை இருக்கிறது. 1947-ல் தொடங்கிய மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்தின் தலைமையகம் முன்பு நம் மண்டபத்தில்தான் இருந்தது. தலைமையகம் கொச்சிக்குப் போய்விட்டாலும் இங்கே மையம் இன்னும் இருக்கிறது. தாவரவியலோ விலங்கியலோ வேதியியலோ படித்துவிட்டும் வரலாம். சேற்றில் இடுப்பளவு இறங்கத் தயங்காத பிள்ளையாக இருந்தால் போதும். மீனவர் வீட்டுப் பிள்ளை என்றால் ஏற்றமும் வத்தமும் ஏற்கெனவே தெரிந்திருக்கும். எனக்கு அதைக் கற்க நாலு வருடம் ஆனது.

எங்கள் ஊர்க் கழியில் ஒரு திட்டு காய்ந்துகொண்டே வருகிறது. என்ன செய்யலாம்?

முதலில் ஒன்றும் நடாதீர்கள். அமாவாசை, பௌர்ணமி ஏற்றத்தன்று போய்ப் பாருங்கள். தண்ணீர் அந்தத் திட்டுக்குள் போகிறதா, போனது திரும்பி வருகிறதா? திட்டின் நடுவில் ஒரு கம்பை ஊன்றி, தண்ணீர் எந்த உயரத்துக்கு வந்தது, எத்தனை நாள் நின்றது என்று கோடு போட்டு வையுங்கள். கழிமுகம் மணல் மூடிக் கிடக்கிறதா, யாராவது புதுசாகக் கரை போட்டிருக்கிறார்களா, பழைய மதகு அடைத்திருக்கிறதா என்று பாருங்கள். அந்த இடம் முன்பு எப்படி இருந்தது என்று ஊரில் வயதான இரண்டு பேரைக் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். மூன்று மாதக் குறிப்போடும் செல்போனில் எடுத்த படங்களோடும் வனச்சரக அலுவலகத்துக்குப் போய் மனு கொடுங்கள். வாய்க்காலை நீங்களாக வெட்டக்கூடாது, அனுமதி வேண்டும். அந்தக் கம்பை மட்டும் பிடுங்காமல் வையுங்கள். நாங்கள் வரும்போது முதலில் அதைத்தான் தேடுவோம்.